கோடில்லாத சத்தம்

ஜனவரி 2, 1952, புதன்

பிலிம் விற்க வருகிற ஆள் புது வருஷத்துக்கென்று கொடுத்த டைரி இது. போன வருஷமும் ஒன்று கொடுத்தான். அதில் மார்ச்சோடு நின்றுவிட்டேன். இந்த வருஷம் விடுவதாயில்லை. எழுதும்படியாக ஒன்று நடந்திருக்கிறது.

காலையில் மிஸ்டர் பெல்லமி கூப்பிட்டு அனுப்பினார். எங்கள் ஸ்டுடியோவின் புரொடியூசர். பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டுகிற ஒரு மணி நேரப் படங்களை வருஷத்துக்கு நாலு எடுக்கிறவர். எடிட்டர் வேறு பெரிய ஸ்டுடியோவுக்குப் போய்விட்டாராம். "மிஸ் நாதன், அடுத்த படத்தை நீங்களே எடிட் செய்யுங்கள்" என்றார். ஏழு வருஷம் உதவியாளராகவே இருந்து, அடுத்தவர் பெயரில் வெட்டி ஒட்டியவள் நான். கால் தரையில் பாவவில்லை.

என் பெயர் தெபோராள் சத்தியநாதன். முழுசாகச் சொல்ல இங்கே யாருக்கும் பொறுமை கிடையாது. பாளையங்கோட்டையிலிருந்து ஒரு துரை வீட்டுப் பிள்ளைகளுக்கு ஆயாவாகக் கப்பலேறி வந்தேன். மூன்றாம் மாதமே "இனி நீ வேண்டாம்" என்று லண்டனில் வாசலில் நிறுத்திவிட்டார்கள். பிலிம் லேபில் துண்டு ஒட்டும் வேலை கிடைத்தது. அங்கிருந்து இங்கே. நாற்பத்தொரு வயதில் இப்போதுதான் என் பெயர் திரையில் வரப்போகிறது.

வரும் என்று இன்னும் நிச்சயமில்லை. மார்ச் கடைசியில் விநியோகஸ்தர் மிஸ்டர் க்ராடக் வந்து பார்ப்பார். அவருக்குப் பிடித்தால் என் பெயர், அதோடு அடுத்த மூன்று படமும் எனக்கு. அவர் முகம் சுளித்தால் பழையபடி லேபில் பசையும் பிரஷ்ஷும்தான்.

பெல்லமி கடைசியில் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டு இன்னும் என்னவோ சொன்னார். சரி என்று தலையை ஆட்டிவிட்டு வந்தேன். பெரிதாக ஒன்றும் இருக்காது.

ஜனவரி 5, சனி

எடிட்டிங் ரூமைக் கழுவித் துடைத்தோம். எனக்கு உதவிக்கு ஜார்ஜ் டிப்பெட். என்னைவிடப் பத்து வயது மூத்தவர், முன்பு தியேட்டரில் படம் ஓட்டிக்கொண்டிருந்தவர், ஐந்தாறு வருஷமாக இந்த ஸ்டுடியோவில்தான். நல்ல மனுஷர். ஒரே ஒரு கெட்ட பழக்கம், முகத்துக்கு நேரே வந்து நின்றுதான் பேசுவார். பேசுமுன் மேஜையை இரண்டு தட்டுத் தட்டுவார். பள்ளிக்கூட வாத்தியாரா நீங்கள் என்று கேட்டே விட்டேன். சிரித்துக்கொண்டார். திருந்தவில்லை.

மற்றவர்களுக்கு இவர் தேவலை. இந்த வெள்ளைக்காரர்கள் வாய்க்குள்ளேயே பேசுகிறார்கள். வருஷத்துக்கு வருஷம் மோசமாகிக்கொண்டு வருகிறது. டீயைக் குடித்துக்கொண்டே பேசுகிறவன், பைப்பைக் கடித்துக்கொண்டே பேசுகிறவன். வாயைத் திறந்து பேசினால் முத்து உதிர்ந்துவிடுமா?

ஜனவரி 9, புதன்

பெல்லமி ஜன்னலைப் பார்த்துச் சொன்னது என்னவென்று இன்று தெரிந்தது. தலையில் இடி விழுந்த மாதிரி இருக்கிறது.

இதுவரை எங்களுக்குச் சத்தம் வருவது பிலிமின் ஓரத்தில் கோடு கோடாகத்தான். அந்தக் கோட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் எனக்குப் படிக்க வரும். ஆண் குரல் அகலச் சீப்பு, பெண் குரல் பேன் சீப்பு. 'ஸ' வந்தால் மயிர் மாதிரி சிலும்பிக்கொண்டு நிற்கும். 'ப' வருமுன் வாய் மூடுகிற இடம் வெறுமையாக இருக்கும். கிளாப் அடித்த இடம் ஒரு கறுப்பு வெட்டு. ஸ்டுடியோவில் இப்படிப் படிக்கிற ஆள் நான் ஒருத்திதான். பழைய எடிட்டர் ஆட்களைக் கூட்டி வந்து வேடிக்கை காட்டுவார்.

இந்தப் படத்திலிருந்து கோடு கிடையாதாம். புது மிஷின் வாங்கியாகிவிட்டது. சத்தமெல்லாம் காந்தப் பூச்சுப் பூசின பிலிமில் வரும். மாதிரிக்கு ஒரு துண்டு கொண்டுவந்து காட்டினார்கள். கருப்பட்டி நிறம். வெளிச்சத்தில் பிடித்தேன். திருப்பிப் பிடித்தேன். ஒன்றுமே இல்லை.

"அழகான சத்தம், மிஸ் நாதன். கேட்டுப் பாருங்கள், கண்ணாடி மாதிரி!" என்றான் சவுண்ட் டிபார்ட்மெண்ட் பையன்களுக்கெல்லாம் தலைவனாக இருக்கிற அந்த நெட்டையன். ஆமாம் ஆமாம் என்றேன்.

கோட்டிலேயே போட்டுத் தரச் சொல்லி பெல்லமியிடம் கேட்டேன். "ஏன்? மிஷின் எதற்கு வாங்கினேன்?" என்றார். நியாயம்தான். 

ஜனவரி 13, ஞாயிறு

கோயிலுக்குப் போய் வந்து துணி துவைத்தேன். பக்கத்து அறை நேசமலர் மாலையில் உள்ளே வந்து நின்றாள். யாழ்ப்பாணத்துப் பெண், ஆஸ்பத்திரியில் நர்ஸ். இந்த வீட்டில் தமிழ் பேச எனக்கு அவள், அவளுக்கு நான்.

"அக்கா, நாலுதரம் கூப்பிட்டனான். கதவையும் தட்டினனான்."

"கெட்டில் கொதிச்சுக்கிட்டு இருந்துச்சு."

"ஒண்டும் கொதிக்கேல்ல. நீங்கள் சும்மா கதிரையில இருந்தனீங்கள்." எதிரே வந்து உட்கார்ந்தாள். "எங்கட ஆஸ்பத்திரியில காது பாக்கிற டொக்டர் இருக்கிறார். காசு குடுக்கத் தேவையில்லை. காதுக்கு வைக்கிற மிசினும் சும்மா தருவினம்."

"ஏட்டி, உனக்கு வேற சோலி இல்லையா?"

"உங்களுக்குச் சொல்லுறது செவிடன் காதில ஊதின சங்கு..." என்றவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"ஏன் நிறுத்திட்ட? ஊது, ஊது" என்றேன். அவள் சிரிக்கவில்லை. எனக்கும் சிரிப்பு வரவில்லை. அவளுக்கென்று எடுத்து வைத்திருந்த சர்க்கரையைக் கொடுத்து அனுப்பினேன்.

44-ல் லேப் பக்கத்தில் குண்டு விழுந்ததிலிருந்து இடது காது கொஞ்சம் மந்தம். வலது காதுக்கு ஒன்றுமில்லை. கழுத்தில் அந்தக் காது மிஷினை ரேடியோப் பெட்டி மாதிரி கட்டித் தொங்கவிட்டுக்கொண்டு எடிட்டிங் ரூமுக்குள் போனால், அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

ஜனவரி 21, திங்கள்

முதல் ரீல்கள் வந்தன. படமும் சத்தமும் தனித்தனி. கிளாப் பலகை மூடுகிற கட்டத்தையும் 'டக்' என்ற சத்தத்தையும் ஒன்றாக வைத்தால்தான் மேற்கொண்டு எதுவும் செய்ய முடியும். படத்தில் பலகை மூடுவது தெரிகிறது. கருப்பட்டியில் எதைத் தேடுவது?

கை வலி என்று சொல்லி ஜார்ஜையே பொருத்தச் சொன்னேன். ஒரு வார்த்தை கேட்காமல் எல்லாவற்றையும் பொருத்திவிட்டு, கிளாப் விழும் இடங்களில் வெள்ளைப் பென்சிலால் பெரிய பெரிய பெருக்கல் குறியாகப் போட்டு வைத்திருந்தார். அத்தனை பெரிதாகப் போடத் தேவையில்லை.

ஜனவரி 24, வியாழன்

வழி கண்டுபிடித்துவிட்டேன்!

ஜார்ஜ் டீ வாங்கப் போயிருந்தார். ஸ்பீக்கர் பெட்டியின் மரத்தில் பென்சிலின் ஒரு நுனியை வைத்து, மறு நுனியைப் பல்லால் கடித்துக்கொண்டேன். மண்டைக்குள் குரல் வந்தது! கிணற்றுக்குள்ளிருந்து பேசுகிற மாதிரிதான், ஆனாலும் குரல்.  கண்ணைத் துடைத்துக்கொண்டு வேலையைப் பார்த்தேன்.

இனி இதுதான் முறை. காலை ஏழு மணிக்கே வந்துவிட வேண்டும். வசனப் பிரதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, பென்சிலைக் கடித்துக்கொண்டு, பிலிமை மெள்ள ஓட்டி, எந்த வார்த்தை எங்கே விழுகிறதோ அங்கே கருப்பட்டியின் மேல் வெள்ளைப் பென்சிலால் எழுதிவிட வேண்டும். அவர்கள் கோட்டை எடுத்துவிட்டார்களா, நான் போட்டுக்கொள்கிறேன்.

தமிழில்தான் எழுதுகிறேன். யாரும் எட்டிப் பார்த்து என்ன ஏது என்று கேட்க முடியாது. நெட்டையன் பார்த்துவிட்டு, "இது என்ன, இந்திய மந்திரமா?" என்றான். "ஆமாம், தொட்டால் கை அழுகிவிடும்" என்றேன்.

பிப்ரவரி 6, புதன்

இங்கிலாந்து ராஜா காலமாகிவிட்டார். தியேட்டர்களை மூடிவிட்டார்கள். எங்களுக்கு லீவு இல்லை. மூன்றாம் ரீல் முடிந்தது.

பிப்ரவரி 12, செவ்வாய்

டைரக்டர் ஹார்க்கர் வந்து மூன்று ரீலையும் பார்த்தார். தொண்டையே சொத்து என்று வாழ்கிற மனுஷர். அவர் பேசுவது மட்டும் எனக்கு எங்கிருந்தாலும் புரியும், முகத்தில் ஒவ்வொரு தசையும் பேசும். "நீங்கள் பேசுகிறவரை விட்டுவிட்டுக் கேட்கிறவர் முகத்தைத்தான் எப்போதும் வைக்கிறீர்கள். எங்கே கற்றீர்கள் இதை?" என்றார்.

பேசுகிறவன் வசனத்தை ஒப்பிக்கிறான். கேட்கிறவள் முகத்தில்தான் விஷயம் இருக்கிறது. அதைப் பார்க்கத் தெரியாதவன் எடிட்டிங் ரூமுக்கு ஏன் வர வேண்டும்? இப்படித்தான் சொன்னேன். அவர் தோளில் தட்டிவிட்டுப் போனார்.

படத்துக்கு இன்னும் பெயர் முடிவாகவில்லை. இப்போது வைத்திருப்பது மூன்றாவது பெயர். நான் ரீல் டப்பாக்களில் 'ரயில் கேட்' என்று எழுதி வைத்திருக்கிறேன். கதை அதுதான். போருக்குப் போன புருஷன் வருவான் வருவான் என்று ரயில் கேட்டில் வேலை பார்த்துக்கொண்டிருக்கிற ஒருத்தி. கடைசியில் தந்தி வருகிறது.

பிப்ரவரி 22, வெள்ளி

ஜார்ஜின் மனைவிக்கு வயிற்றில் ஆபரேஷன். இந்த வாரம் முழுக்க அவர் வரவில்லை. நல்லபடியாக முடிந்ததென்று சீட்டு அனுப்பியிருக்கிறார். ஜெபத்தில் நினைத்துக்கொண்டேன்.

வெளியூரில் எடுத்த தந்திக் காட்சி இன்று வந்தது. அவள் கேட் அருகே நிற்கிறாள், பின்னால் ரயில் போகிறது, தந்தியைப் படிக்கிறாள், அவ்வளவுதான். அந்த நடிகை மகராசி, ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல் நம்மைக் கொல்கிறாள். கூட வந்த தாளில் 'ரயில் சத்தம் மட்டும், வசனம் இல்லை' என்று போட்டிருந்தது. வசனம் இல்லாததால் எழுத ஒன்றுமில்லை, பென்சிலுக்கும் அதிக வேலையில்லை. கிளாப்புக்கு மட்டும் பென்சிலைக் கடித்துப் பொருத்தி, மற்றதை அப்படியே சேர்த்துவிட்டேன். ஒரு மணி நேரத்தில் முடிந்த காட்சி. இப்படி நாலு காட்சி வந்தால் தேவலை.

மார்ச் 5, புதன்

ஜார்ஜ் திரும்பிவிட்டார். எனக்கு முன்பல் ஒன்று ஆடுகிறது. பென்சில் கடித்த வினை. கஞ்சி குடித்தேன்.

மார்ச் 14, வெள்ளி

முழுப் படத்தையும் முதல்முறையாகப் போட்டுப் பார்த்தோம். பெல்லமி, ஹார்க்கர், சவுண்ட் ஆட்கள், நான், ஜார்ஜ். முக்கால் மணி நேரம் யாரும் அசையவில்லை. ஜெயித்தாயிற்று என்றே நினைத்தேன்.

தந்திக் காட்சி வந்தது. எல்லாரும் சிரித்தார்கள்.

புன்சிரிப்பு இல்லை. தோள் குலுங்கச் சிரித்தார்கள். பெல்லமி கைக்குட்டையை வாயில் அடைத்துக்கொண்டார். நெட்டையன் முன் நாற்காலியில் தலையை முட்டிக்கொண்டான். நான் திரையைப் பார்க்கிறேன், அவள் தந்தியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். இதில் சிரிக்க என்ன இருக்கிறது? நான் வெட்டியதைப் பார்த்துச் சிரிக்கிறார்களா?  திரும்பினால், ஜார்ஜ் மட்டும் சிரிக்காமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விளக்கைப் போட்டார்கள். ஜார்ஜ்தான் என் முன்னால் வந்து நின்று மெள்ளச் சொன்னார். காட்சியை எடுத்த அன்று ஹார்க்கர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று நடிகைக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டே இருந்திருக்கிறார். மைக்கில் அத்தனையும் பதிந்திருக்கிறது. "இன்னும் துக்கம், கண்ணே, இன்னும் துக்கம்! மூக்கை உறிஞ்சாதே! யாராவது அந்த நாயைப் பிடியுங்கள்!" நாற்பது விநாடி, ரயில் சத்தத்தையும் மீறிக்கொண்டு.

கோடாக இருந்திருந்தால் கண்ணை மூடித் திறப்பதற்குள் பார்த்திருப்பேன். அகலச் சீப்பு, தப்பவே தப்பாது.

பெல்லமியின் சிரிப்பு நின்றுவிட்டது. "காது இருக்கிற எவனுக்கும் இது கேட்காமல் போகுமா? யார் சேர்த்த ரீல் இது?"

"நான் சேர்த்தது. நான்தான் கவனிக்கவில்லை" என்றார் ஜார்ஜ்.

அந்த வாரம் அவர் ஸ்டுடியோவிலேயே இல்லை. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். நான் கையுறையைக் கழற்றி மடித்துக்கொண்டிருந்தேன்.

மார்ச் 15, சனி

ஜார்ஜை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள்.

மார்ச் 16, ஞாயிறு

கோயிலுக்குப் போகவில்லை. அடுப்பைத் தேய்த்தேன். காலுறையில் ஓட்டை தைத்தேன். தைத்ததைப் பிரித்து மறுபடி தைத்தேன். நேசமலர் வந்து எட்டிப் பார்த்துவிட்டுச் சோறும் குழம்பும் வைத்துவிட்டுப் போனாள்.

மேஜையை ஏன் தட்டினார் அந்த மனுஷர்? நான் அதிர்வை உணர்ந்து திரும்புவேன் என்றுதான். முகத்துக்கு நேரே ஏன் வந்து நின்றார்? உதட்டைப் படிக்கட்டும் என்றுதான். பெருக்கல் குறி ஏன் அத்தனை பெரிது? ஒவ்வொரு நாளும் சரியாக ஏழரை மணிக்கு வந்து, கதவுக் கண்ணாடியில் நிழல் தெரிய நின்று ஷூவைத் தேய்த்துத் தேய்த்துத் துடைத்துவிட்டு ஏன் உள்ளே வந்தார்? நான் பல்லிலிருந்து பென்சிலை எடுக்க நேரம் கொடுத்திருக்கிறார். நான் அதைக் கெட்ட பழக்கம் என்று எழுதி வைத்திருக்கிறேன். வெட்கக்கேடு.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தேன். சோறு அவர் தட்டிலிருந்து போனது.

எனக்குக் காது கேட்காது. இடதும் கேட்காது, வலதும் கேட்காது. எட்டு வருஷமாகக் கேட்காது.

எழுதிவிட்டேன். 44 ஜூலையில், பட்டப்பகலில், சாப்பாட்டு நேரத்தில் லேபுக்கு எதிரே குண்டு விழுந்தது. என்னோடு துண்டு ஒட்டிக்கொண்டிருந்த ஐரிஸ் வாசலில் நின்றிருந்தாள். நான் எழுந்து பார்த்தபோது எல்லார் வாயும் திறந்திருந்தது. ஐரிஸின் அம்மா தெருவில் முழங்காலிட்டு வாயைத் திறந்து கத்துகிறாள். எனக்கு ஒரு சத்தமும் இல்லை. இவ்வளவு பெரிய துக்கத்துக்கு ஏன் சத்தமே இல்லை என்று நினைத்துக்கொண்டு நின்றேன். எனக்குத்தான் கேட்கவில்லை என்று தெரிய ஒரு வாரம் ஆயிற்று. அதற்குப் பிறகு யாரிடமும் சொல்லவில்லை, என்னிடமும் சொல்லிக்கொள்ளவில்லை.

மார்ச் 17, திங்கள்

ஒன்பது மணிக்கு பெல்லமியின் அறைக்குப் போனேன். ஜன்னல் பக்கம் போகாதீர்கள், என்னைப் பார்த்து உட்காருங்கள் என்றேன். உட்கார்ந்தார். தந்திக் காட்சியைச் சேர்த்தது நான், ஜார்ஜ் அந்த வாரம் ஆஸ்பத்திரியில் இருந்தார், எனக்குக் காது கேட்காது என்று மூன்றையும் ஒரே மூச்சில் சொன்னேன்.

"எத்தனை நாளாக?"

"நீங்கள் என்னை வேலைக்கு எடுத்ததற்கு முந்தைய வருஷத்திலிருந்து."

"அப்படியானால் நாம் செய்த இருபத்தைந்து படம்?"

"கேட்காமல்தான் வெட்டினேன். பார்த்து வெட்டினேன்."

அவர் மேலே விட்டத்தைப் பார்த்தார். கோபமா, சிரிப்பா என்று தெரியவில்லை. ஜார்ஜுக்கு ஆள் அனுப்புவதாகச் சொன்னார். படத்தை முடிக்கும்வரை நான் இருக்கலாம். ஆனால் க்ராடக்கிடம் மூச்சுவிடக் கூடாது. காது கேட்காத எடிட்டரை வைத்து அவர் பணத்தில் படம் எடுத்தேன் என்று தெரிந்தால் அந்த ஆள் என்னை இனி வாசலில் ஏற்றமாட்டார் என்றார். அவர் வேண்டாமென்றால் நீங்களும் ஜார்ஜும் வேறு வேலை தேடிக்கொள்ள வேண்டியதுதான் என்றார். சரி என்றேன். இந்த முறை அவர் சொன்னது அத்தனையும் புரிந்து சொன்ன சரி.

மார்ச் 18, செவ்வாய்

ஜார்ஜ் வந்தார். மேஜையை இரண்டு தட்டுத் தட்டினார்.

"எப்போதிலிருந்து தெரியும்?"

"நாற்பத்தேழு. நெருப்பு மணி அடித்தது, நீங்கள் அசையாமல் ஒட்டிக்கொண்டிருந்தீர்கள்."

"சொல்லியிருக்கலாமே!"

"நீங்கள் சொல்லவில்லையே."

யாரைக் கேட்டு என் பழியை உங்கள் தலையில் போட்டுக்கொண்டீர்கள், வீட்டில் மனைவி படுத்துக் கிடக்கும்போது வேலையை விட உங்களுக்கு என்ன உரிமை என்று கத்தினேன். கத்தினேன் என்றுதான் நினைக்கிறேன், அடுத்த அறைக் கதவு திறந்தது. அவர் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "டீ?" என்றார். மன்னிப்புக் கேட்டேன். டீ குடித்தோம்.

பிறகு தந்திக் காட்சியைப் பார்த்தோம். ஹார்க்கர் குரலையும் ரயிலையும் பிரிக்க முடியாது. மறுபடி எடுக்க அந்த நடிகை ஊரில் இல்லை. ஹார்க்கர் வந்து, சுலபம், வேறு ரயில் சத்தம் போட்டு மேலே வயலின் வைத்துவிடலாம் என்றார்.

"வேண்டாம். ஒன்றும் வைக்காதீர்கள்" என்றேன்.

"ஒன்றும் என்றால்?"

"ஒன்றுமே. அவள் தந்தியைப் பிரிக்கிற கட்டத்திலிருந்து நாற்பது விநாடி, அறுபது அடி பிலிம். ரயில் போகட்டும், சத்தம் வேண்டாம்."

ஜனங்கள் மிஷின் கெட்டுவிட்டது என்று சீட்டியடிப்பார்கள் என்றார். கையை ஆட்டினார், தொப்பியை எறிந்தார். "உங்களுக்கு எல்லாப் படமும் அப்படித்தான், அதனால் உங்களுக்கு வித்தியாசம் தெரியாது!" என்றும் சொல்லிவிட்டார். பெல்லமி சொல்லியிருக்கிறார் போல. சொன்ன பிறகு அவரே முகம் கறுத்து நின்றார்.

"இந்த ஒரு சங்கதியில் இங்கே எனக்கு மட்டும்தான் வித்தியாசம் தெரியும், மிஸ்டர் ஹார்க்கர்" என்றேன். ஐரிஸின் அம்மாவைப் பற்றிச் சொன்னேன். அவர் தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். வேண்டாம் என்று சொல்லவில்லை.

மார்ச் 22, சனி

நேசமலர் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள். டாக்டர் காதுக்குப் பின்னால் ஏதோ கம்பியை வைத்துத் தட்டினார், எலும்பில் கேட்டது. மிஷின் வைத்தால் கேட்கும் என்கிறார். வரிசையில் ஐந்து மாதம் காத்திருக்க வேண்டும். வரும் வழியில் அவள் அழுதாள். "ஏட்டி, நீ ஏன் அழுத?" என்றேன். "உங்களுக்குப் பதிலா" என்றாள்.

மார்ச் 26, புதன்

இப்போது பென்சிலை எல்லார் முன்னாலும் கடிக்கிறேன். ஜார்ஜ் ஒவ்வொரு ரீலையும் காதால் கேட்டுச் சரிபார்க்கிறார், நான் கண்ணால் பார்க்கிறேன். நெட்டையன் பென்சிலுக்கு வாகாக மரத்துண்டு ஒன்றைச் செதுக்கிக் கொண்டுவந்து கொடுத்தான். அன்று சிரித்ததற்கு என்றான். பிலிமில் தமிழ் எழுதியிருப்பதைக் காட்டி, இது என்ன எழுத்து என்று கேட்டான். 'வராதே' என்று எழுதியிருக்கிறது என்றேன்.

மார்ச் 28, வெள்ளி

க்ராடக் வந்தார். குட்டையான, வாய் ஓயாமல் இருமல் மிட்டாய் தின்கிற கிழவர். முன்வரிசையில் உட்கார்ந்து படம் முழுக்க மிட்டாய்த் தாளைப் பிரித்துக்கொண்டே இருந்தார். எத்தனை பிரித்தார் என்றுகூடச் சொல்வேன், எனக்குப் பார்க்க வேறென்ன இருந்தது? ஒவ்வொரு காட்சியும் எனக்குப் பாடம். நான் அவர் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தந்தி வந்தது. அவள் பிரித்தாள். சத்தம் நின்றிருக்க வேண்டும், ஏனென்றால் ஹார்க்கர் கண்ணை மூடிக்கொண்டார்.

க்ராடக்கின் கை பாதித் தாளில் நின்றது. ரயில் போய்க்கொண்டே இருந்தது. யாரும் சிரிக்கவில்லை. யாரும் அசையவில்லை. பெல்லமி நாற்காலிக் கையைப் பிடித்திருந்த பிடியில் விரல் வெளுத்திருந்தது. நாற்பது விநாடி எவ்வளவு நீளம் என்று ஏழு வருஷம் அடிக்கோல் பிடித்த எனக்கே இன்றுதான் தெரிந்தது.

காட்சி முடிந்ததும் க்ராடக் திரும்பினார். நேராக என்னைப் பார்த்து என்னவோ சொன்னார். திரையின் வெளிச்சம் அவர் முதுகுக்குப் பின்னால், முகம் முழுக்க இருட்டு. உதடு அசைகிறதே தவிர ஒன்றும் தெரியவில்லை. மறுபடி சொன்னார். கை நீட்டித் திரையைக் காட்டினார். கேள்வி கேட்கிறார்.

பெல்லமி எனக்கு மட்டும் தெரியும்படி தலையை ஆட்டிக் காட்டினார். ஆமாம் என்று சொல்லிவிடு என்கிறார். ஆமாம் சொல்வது எனக்கு என்ன புதிதா? எட்டு வருஷம் அதைச் சொல்லித்தானே பிழைத்தேன். எதற்கு ஆமாம் சொல்கிறேன்? காட்சியை எடுத்துவிடலாமா என்று கேட்கிறாரோ என்னவோ. எடுத்துவிடலாம் என்று நானே என் தலையை ஆட்டிக் கொடுப்பதா?

எழுந்து நின்றேன்.

"மிஸ்டர் க்ராடக், விளக்கைப் போட்டுவிட்டுச் சொல்லுங்கள். எனக்குக் காது கேட்காது."

பெல்லமி முகத்தைக் கையால் மூடிக்கொண்டார். ஜார்ஜ் ஓடிப்போய் படத்தை நிறுத்தச் சொல்லி விளக்கைப் போட்டார். கிழவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பெல்லமியைப் பார்த்தார். ஜார்ஜைப் பார்த்தார். மிட்டாயை வாயிலிருந்து எடுத்துத் தாளில் சுற்றிப் பைக்குள் போட்டார். எழுந்து, இரண்டு வரிசை தாண்டி வந்து, விளக்குக்குக் கீழே என் முகத்துக்கு நேராக நின்றார். நான் உட்காரவில்லை.

ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார். "அந்தச் சத்தமில்லாத இடத்தை இன்னும் பத்தடி நீட்ட முடியுமா என்று கேட்டேன்."

"முடியாது" என்றேன். "எடுத்த பிலிமில் இன்னும் ஏழடிதான் மிச்சம் இருக்கிறது."

"அப்படியானால் அந்த ஏழடியையும் கொடுங்கள்" என்றார்.